சீதன வீடும் ஈட்டுறுதியும்

கல்முனைக் கரையோரத்து முஸ்லிம் ஊர்களில் ஒருவர் மௌத்தானால், ஜனாஸாவைப் பள்ளிவாசலுக்குள் கொண்டுவந்து வைத்து, ஸப்புகள் நேராகி, இமாம் தக்பீர் கட்டுவதற்கு முன், வாரிசுகளில் ஒருவர் கூட்டத்தை நோக்கித் திரும்பி நின்று, "எங்கட வாப்பா யாருக்கும் கடன் கொடுக்க இருந்தா, அத நாங்க பொறுப்பெடுக்கிறம், எங்களோட வந்து கதையுங்க" என்று நாத்தழுதழுக்கச் சொல்லும் வழக்கத்தைச் சிறுபிராயம் முதல் பார்த்து வந்திருக்கிறேன். கடனோடு இறந்தவருக்குத் தொழுவிக்க நபிகளார் தயங்கியதும், தோழர் ஒருவர் அக்கடனைத் தம் பொறுப்பில் ஏற்ற பின்னரே தொழுவித்ததும் ஹதீஸில் வந்திருப்பதால், கடன் என்பது கப்ருக்குள்ளும் தொடர்ந்து வரும் சுமை என்ற பயம் எங்கள் பக்கத்துச் சாமானிய ஜனங்களிடம் ஆழமாக ஊறியிருக்கிறது. அதே ஊர்களில் இப்போது வேறோர் அறிவித்தலும் சர்வசாதாரணமாகிவிட்டது. வர்த்தமானியிலும், சிங்கள, தமிழ், ஆங்கில நாளேடுகளிலும், ஒரு பெண்ணின் பெயரையும், அவளது வீட்டுவளவின் நான்கு எல்லைகளையும், அதன் விஸ்தீரணத்தையும், வங்கிக்குச் சேரவேண்டிய தொகையையும் குறித்து, இன்ன தேதி இன்ன மணிக்கு அந்த இடத்திலேயே பகிரங்க ஏலம் நடைபெறும் என்று அச்சிடப்படும் அறிவித்தல் அது. முதல் அறிவித்தலில் கடன் பட்டவரின் பிள்ளை பேசுகிறது. இரண்டாவதில் கடன் கொடுத்த நிறுவனம் பேசுகிறது. முதலாவதிலிருந்து இரண்டாவதற்கு இந்தக் கரை எப்படி வந்து சேர்ந்தது என்பதையும், அந்த இரண்டாவது அறிவித்தலில் பெரும்பாலும் பெண்ணின் பெயர் ஏன் இருக்கிறது என்பதையும் விசாரிப்பதே இக்கட்டுரையின் நோக்கம்.

மருதமுனை தொடங்கிக் கல்முனை, சாய்ந்தமருது, நிந்தவூர், அட்டாளைச்சேனை, அக்கரைப்பற்று என்று, இடையிடையே தமிழ்க் கிராமங்களோடு தோளோடு தோள் உரசிக்கொண்டு, கடலுக்கும் வயலுக்கும் நடுவிலுள்ள ஒடுங்கிய மணற்திட்டில் நெருங்கிக் கிடக்கும் இவ்வூர்கள், 1961 ஆம் ஆண்டு அம்பாறை மாவட்டம் பிரிக்கப்படும் வரை மட்டக்களப்பு மாவட்டத்தின் கரவாகுப்பற்று, நிந்தவூர்ப்பற்று, சம்மாந்துறைப்பற்று, அக்கரைப்பற்று என்னும் பழம் பிரிவுகளில் அடங்கியிருந்தவை. இங்கே தமிழருக்கும் முஸ்லிம்களுக்கும் பொதுவான ஒரு வழமை உண்டு. இரு சமூகத்தாருக்கும் தாய்வழிக் குடிகள் உள்ளன. மணமானபின் ஆண்மகன் பெண் வீட்டுக்குப் போகிறான். பெண்ணின் பெற்றோர் வீட்டையும் வளவையும், இயன்றால் வயலில் ஒரு துண்டையும் அவள் பெயருக்கு எழுதிக் கொடுக்கிறார்கள். அக்கரைப்பற்றில் பல்லாண்டு தங்கி ஆராய்ந்த மானிடவியலாளர் டெனிஸ் மெக்கில்வ்ரே இந்த ஏற்பாட்டை விரிவாக எழுதியிருக்கிறார். அவர் எழுதித்தான் எங்களுக்குத் தெரியவேண்டும் என்பதில்லை. மகள் பிறந்த அன்றே செங்கல் சேர்க்கத் தொடங்கும் தகப்பன்மாரை நாங்கள் தெருவுக்குத் தெரு கண்டிருக்கிறோம்.

இவ்வழமைக்குச் சட்டத்தின் சரித்திரமும் துணைநின்றது. மட்டக்களப்புப் பிரதேசத்தின் பழைய முக்குவர் சட்டத்தில் முதுசம் சகோதரியின் பிள்ளைகளைச் சேர்வதாக இருந்தது. கிறிஸ்தோபர் பிரிட்டோ அச்சட்டத்தைப் பற்றி நூல் வெளியிட்ட 1876 ஆம் ஆண்டிலேயே, அவ்வாண்டின் 15 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டம் வாரிசுரிமையைப் பொதுவிதிகளுக்கு உட்படுத்தியதால், அந்தப் பழைய நியாயம் மெல்ல மெல்ல வழக்கொழிந்தது. முஸ்லிம்களுக்கோ கொழும்புப் பகுதிக்கென 1806 இல் எழுதப்பட்ட முகம்மதியக் கோவை 1852 ஆம் ஆண்டின் 5 ஆம் இலக்கக் கட்டளைச் சட்டத்தால் தீவு முழுவதற்கும் விரிக்கப்பட்டது. இஸ்லாமிய நியாயத்தில் மனைவியின் சொத்து மனைவியுடையது. கணவனின் கடன்காரர் அதைத் தொட முடியாது. அதை விற்கவோ ஈடுவைக்கவோ அவளுக்குக் கணவனின் அனுமதி வேண்டியதுமில்லை. யாழ்ப்பாணத்துத் தேசவழமையின்கீழ் ஒரு பெண் தன் காணியைக் கைமாற்றக் கணவனின் சம்மதம் தேவைப்பட்டதோடு இதை ஒப்பிட்டுப் பார்த்தால், எங்கள் பெண்கள் எவ்வளவு சுதந்திரமான சொத்துரிமை பெற்றிருந்தார்கள் என்பது புலப்படும். அந்தச் சுதந்திரம் மிகப் பெரியது. ஆயினும் கணவனின் வியாபாரத்துக்காக அவள் கையொப்பம் இட்ட நாளில், அந்தக் கையொப்பத்துக்கும் ஏலத்துக்கும் நடுவில் வேறு எவருடைய சம்மதமும் குறுக்கே நிற்கவில்லை.

என் உம்மம்மாவிடம் ஒரு தகரப் பெட்டி இருந்தது. பெருநாள் பிடவைகளுக்கு அடியில், கற்பூர வாசனையோடு, பழைய துணியொன்றில் சுற்றி, அவர் உறுதிகளை வைத்திருந்தார். தடித்த காகிதம், மடிப்புகளில் கிழிந்து ஒட்டப்பட்டது, மேலே முத்திரை, வயல் ஏக்கரில் சொல்லப்படாமல் இத்தனை அவண விதைப்பு என்று விதைநெல்லின் அளவால் சொல்லப்பட்டிருக்கும், வடக்கே இன்னார் வயல், கிழக்கே வாய்க்கால், தெற்கே இன்னார் வளவு என்று எல்லைகள், கடைசியில் நொத்தாரிசின் சுழித்த கையொப்பமும், அதற்கு மேலே உம்மம்மாவின் உம்மாவுடைய இடது பெருவிரலின் கருநீலப் பதிவும். அந்தக் கட்டில் இரண்டு ஈட்டுறுதிகள் இருந்தன. ஒன்றின் முதுகில், முதலும் வட்டியும் முழுவதும் பெற்றுக்கொண்டு ஈட்டை விடுவித்ததாக நான்கு வரி எழுதியிருந்தது. மற்றதின் முதுகு வெறுமையாக இருந்தது. அந்த வயல் இப்போது எங்களிடம் இல்லை.

காணியைப் பற்றிய எந்த உடன்படிக்கையும் நொத்தாரிசு முன்னிலையில் எழுதப்பட்டாலன்றிச் செல்லாது என்று 1840 ஆம் ஆண்டின் 7 ஆம் இலக்க மோசடிகள் தடுப்புக் கட்டளைச் சட்டம் விதித்ததிலிருந்தே இப்படிப்பட்ட பெட்டிகள் வீடுகளில் தோன்றின எனலாம். அதற்கு முன்னரும், அதற்குப் பின்னரும் வெகுகாலம், சாகுபடிக் கடன்கள் காகிதமின்றியே நடந்தன. வயற்சொந்தக்காரரான போடியார், அதைச் செய்கைபண்ணும் முல்லைக்காரனுக்கு விதைநெல்லும் சாப்பாட்டு நெல்லும் கொடுத்துவைப்பார். பெரும்போகம் விளைந்து, சூடு வைத்து, களவெட்டியில் மிதித்துத் தூற்றிப் பொலி குவிந்த இடத்திலேயே கணக்குத் தீரும். கடன் கொடுத்தவர் குவியலின் பக்கத்தில் நிற்பதால், மிச்சம் எவ்வளவு வீட்டுக்குப் போகும் என்பதும் அங்கேயே தெரிந்துவிடும். மருதமுனைத் தறிகளில் நூலைக் கடனுக்கு வாங்கிச் சாரமும் சேலையுமாக நெய்து முதலாளியிடம் கொடுத்துக் கழிப்பதும், கடற்கரையில் தோணிக்கும் வலைக்கும் முற்பணம் வாங்கி மீனாகக் கொடுப்பதும் இதே இனத்தைச் சேர்ந்தவை. இவற்றில் அநியாயம் இல்லையென்று சொல்லமாட்டேன். விதைப்புக் காலத்தில் பணம் கொடுத்து அறுவடைக்கால நெல்லை அற்ப விலைக்கு முன்கூட்டியே வாங்கிக்கொள்ளும் ஏற்பாடு, பெயரில் வியாபாரமாயினும் பாரத்தில் கடும் வட்டியே. ஆனால் கொடுத்தவனும் வாங்கினவனும் ஒரே ஜும்ஆவில் நின்றார்கள். மழை பொய்த்த ஆண்டில் பள்ளி மரைக்காயர்மார் இருவரையும் அழைத்துத் தவணை மாற்றிக் கொடுக்க முடிந்தது. கஷ்டத்திலிருக்கும் கடனாளிக்கு வசதி வரும்வரை அவகாசம் கொடுக்கும்படி சூரத்துல் பகராவின் 280 ஆம் வசனம் கட்டளையிடுவது அங்கே எல்லாருக்கும் தெரிந்த நியாயம்.

வட்டி ஹராம் என்ற அச்சமே சில விசித்திரமான பத்திரங்களையும் பிறப்பித்தது. ஒற்றி வைத்தால் கடன் கொடுத்தவர் வட்டிக்குப் பதிலாக வயலின் விளைச்சலை அனுபவிப்பார். இன்னொன்று நிபந்தனை விலையுறுதி. காணியை விற்பதாகவே எழுதிக் கொடுத்து, இன்ன காலத்துக்குள் இன்ன தொகையைத் திருப்பிக் கொடுத்தால் மீள எழுதித் தரவேண்டும் என்ற ஒரு வாசகத்தை மட்டும் உள்ளே வைப்பது. இது எங்கள் ஊரில் மட்டும் கண்டுபிடித்த உபாயமன்று. எங்களைப் போலவே ஷாபியீ மத்ஹபைப் பின்பற்றும் யெமனின் ஹத்ரமௌத்திலும் இதையொத்த விற்பனை நெடுங்காலமாக நிலவியது. ஆலிம்கள் இதன் ஹலால் ஹராமைப் பற்றி வாதிட்டிருக்கலாம். கடனாளியின் நிலைமை மட்டும் தெளிவானது. ஈட்டில் தவறினால் வழக்கு வைத்துத்தான் காணியைப் பெறவேண்டும். நிபந்தனை விற்பனையில் தேதி தவறினால் காணி அந்தக்கணமே போய்விட்டது.

ஈட்டுக்கு அந்தப் பாதுகாப்பைக் கொடுத்தது உரோம டச்சுச் சட்டம். ஒல்லாந்தர் விட்டுச்சென்ற அச்சட்டத்தின்படி, ஈடு வாங்கியவர் தாமே காணியை விற்க முடியாது. நீதிமன்றத்துக்குப் போய்த் தீர்ப்பாணை பெற்று, நீதிமன்றத்தின் கையாலேயே விற்பனை நடக்கவேண்டும். இன்னுமொரு விதியும் அதிலிருந்தது: சேர்ந்துபோன வட்டி முதலை மிஞ்சலாகாது. நூறு ரூபாய்க் கடனுக்கு எத்தனை வருடமானாலும் நூறு ரூபாய்க்கு மேல் வட்டி அறவிட முடியாது. பாரதத்தின் தர்மசாஸ்திர மரபிலும் தாம்துபத் என்ற பெயரில் இதே விதி இருப்பது ஆச்சரியமான ஒற்றுமை. இரண்டு தூரதேசத்து நியாயவாதிகள், ஒருவரை ஒருவர் அறியாமலே, கடன் எந்த இடத்தில் கொடுமையாக மாறுகிறது என்பதற்கு ஒரே கோட்டைக் கிழித்திருக்கிறார்கள். கோடு கச்சேரி என்றாலே அஞ்சி நடுங்கிய எங்கள் பெரியவர்கள், பிரக்கிராசிக்கும் அப்புக்காத்துக்கும் கொடுத்த பணத்தில் ஒரு வயலே வாங்கியிருக்கலாம் என்று அங்கலாய்ப்பதுண்டு. அது மெய்யே. ஆயினும் அந்த மந்தமான, பணம் விழுங்கும் கோட்டிலும், கடன் பட்டவன் தன் வாயைத் திறந்து, இந்தத் தொகை பொய், இந்தக் கையொப்பம் என்னுடையதன்று என்று சொல்வதற்கு ஒரு கூண்டு இருந்தது.

பொய்த் தொகை எழுதிய புரோநோட்டுகள் அந்நாளில் தீவெங்கும் நடமாடின. நூறு கொடுத்துவிட்டு இருநூறு என்று எழுதி வாங்குவதையும், தொகை எழுதாத வெற்றுத்தாளில் கையொப்பம் பெறுவதையும் அடக்குவதற்கே 1918 ஆம் ஆண்டின் 2 ஆம் இலக்கக் கடன் கொடுத்தல் கட்டளைச் சட்டம் வந்தது. உண்மையில் கொடுத்த முதல் எவ்வளவு, முன்வட்டியாகக் கழித்தது எவ்வளவு, வட்டி வீதம் என்ன என்பவற்றைப் புரோநோட்டிலேயே தனித்தனியாகக் காட்டவேண்டும் என்று அது விதித்தது. இந்த நாட்டில் கடனாளியைக் காக்க எழுதப்பட்ட சட்டங்களுள் இதை மிகச் சிறந்ததாக நான் மதிக்கிறேன். கடன் கொடுப்பவரின் மனசாட்சியை நம்பியிராமல், காகிதத்திலேயே உண்மையைப் பேசவைத்தது அது.

அக்காலத்து வங்கிகள் ஆங்கிலேயருக்கும் தோட்டங்களுக்கும் உரியவை. நம்மவருக்கும் அவற்றுக்கும் நடுவே நாட்டுக்கோட்டைச் செட்டியார்கள் நின்றார்கள். வங்கியிடம் வாங்கி நம்மவருக்குக் கொடுத்தார்கள். 1925 இல் கொழும்பில் செட்டியார் நிறுவனமொன்று முறிந்தபின் வங்கிகள் அவர்களுக்கான கடனைச் சுருக்கியதும், அதைத் தொடர்ந்த உலகப் பொருளாதார மந்தத்தில் தென்னையும் நெல்லும் விலையிழந்ததும், காணிகள் கடன்காரர் கைக்குப் போகும் வேகத்தைப் பெருக்கின. இதை ஆராய 1934 இல், பம்பாயில் இந்திய மத்திய வங்கி என்ற வணிக வங்கியைத் தோற்றுவித்த சொராப்ஜி பொச்கானவாலாவின் தலைமையில் வங்கி விசாரணைக் குழுவொன்று அமர்ந்தது. அதன் யோசனைகளின் பலனாக இலங்கை வங்கி 1939 ஆகஸ்ட் 1 ஆம் தேதி திறக்கப்பட்டது. இரண்டு ஆண்டுகள் கழித்து, 1941 ஆம் ஆண்டின் 39 ஆம் இலக்கச் சட்டத்தால், கடன் இணக்கச் சபை தோன்றியது. ஈட்டுக்கடன்களையும், மேலே நான் சொன்ன நிபந்தனை விற்பனைகளையும் அந்தச் சபையின்முன் கொண்டுபோகலாம்; கடன் கொடுத்தவரையும் பட்டவரையும் ஒன்றாக அமர்த்தி, தவணையும் தொகையும் இசைவாக எழுதிக் கொடுப்பது அதன் வேலை. தேதி கடந்தால் காணி போயிற்று என்ற கொடுமைக்கு அது ஒரு வாசல் திறந்து வைத்தது. ஆனால் மீட்கும் காலம் முடிவதற்கு முன்பே விண்ணப்பிக்க வேண்டும் என்ற நிபந்தனையை அறியாமல், காலம் போனபின் அழுதுகொண்டு போனவர்களுக்கு அந்த வாசல் உதவவில்லை.

இந்த வரலாற்றில் மட்டக்களப்புக்கு ஒரு பெருமை உண்டு. அங்கே அரசாங்க அதிபராயிருந்த சி. வி. பிரேய்ன், குடியானவனுக்கு அரச காணியைக் கொடுக்கும்போது அதை அவன் விற்கவோ கடனுக்கு இழக்கவோ முடியாதபடி கொடுக்கவேண்டும் என்ற பரிசோதனையை 1920 களில் நடத்தினார். அந்த எண்ணமே பின்னர் 1935 ஆம் ஆண்டின் காணி அபிவிருத்திக் கட்டளைச் சட்டத்தில் தேசம் முழுவதற்குமான கொள்கையாக உருவெடுத்தது. 1949 இல் கல்லோயா அபிவிருத்திச் சபை நிறுவப்பட்டு, இங்கினியாகலையில் அணை எழும்பி, மேற்கே குடியேற்றங்கள் பரவியபோது, அங்கே கொடுக்கப்பட்ட காணிகள் இச்சட்டத்தின் நிழலில் இருந்தன. கரையோரத்து எங்கள் பரம்பரை வயல்களும் சீதன வளவுகளும் தனியார் உறுதிக் காணிகளாகையால் அந்த நிழலுக்கு வெளியே வெயிலில் நின்றன. ஆகவே வங்கிகள் எங்கள் ஊர்களில் கிளை திறந்த காலத்தில், ஈடு வைக்கத்தக்க நல்ல உறுதி யாரிடம் இருந்தது என்று கேட்டால், பதில் ஒன்றே: வீட்டுப் பெண்ணின் தகரப் பெட்டியில்.

1961 இல் மக்கள் வங்கி பிறந்ததும், கூட்டுறவுச் சங்கங்களின் வழியாக வேளாண்மைக் கடன் கிராமந்தோறும் சென்றதும் நன்மையே. கடன் கட்டாமல் தவறுபவர்களின் பட்டியலும் அதனோடு வளர்ந்தது. ஒரு போகம் வெள்ளத்தில் போனால், தவறினவன் என்ற பெயரோடு அடுத்த போகத்துக் கடன் மறுக்கப்படும். இருந்தும் அது வயற்கடன். பெரும்பாலும் தொகை சிறிது. வீடு ஈட்டுக்குப் போகும் காலம் 1977 க்குப் பின் வியாபாரமும் இறக்குமதியும் திறந்துவிடப்பட்டபோதுதான் எங்கள் கடைத்தெருக்களுக்கு வந்தது. மொத்த வியாபாரத்துக்கு, அரிசி ஆலைக்கு, லொறிக்கு, வெளிநாட்டுப் பயணத்துக்கு என்று மேலதிகப் பற்றும் தவணைக் கடனும் வாங்கிய ஆண்கள், தமக்கென்று உறுதி இல்லாமையால், மனைவியின் வீட்டையே வங்கிக்குக் காட்டினார்கள். சில வீடுகளில் மாமியின் வீட்டையும் காட்டினார்கள்.

1990 ஆம் ஆண்டின் தொடக்கத்தில், கொழும்பில், கடன் அறவீட்டுக்கென ஒரு தொகுதிச் சட்டங்கள் நிறைவேறின. அவற்றுள் 2 ஆம் இலக்கச் சட்டம் கடன் வழக்கின் முறையையே தலைகீழாக்கியது. சாதாரண வழக்கில் அழைப்பாணை வந்து, பிரதிவாதி மறுமொழி கொடுத்து, விசாரணை முடிந்து, பின்னரே தீர்ப்பு. இதிலோ வங்கியின் பத்திரங்களைப் பார்த்து நீதிமன்றம் முதலிலேயே நிபந்தனைத் தீர்ப்பாணை வழங்கிவிடும். பிரதிவாதி தோன்றி வாதாட விரும்பினால் அதற்கே அனுமதி பெறவேண்டும். 4 ஆம் இலக்கச் சட்டம் இன்னும் ஒரு படி மேலே போயிற்று. அதுவரை அரச நிறுவனங்கள் சிலவற்றுக்கு மட்டுமே இருந்த பராட்டே அதிகாரத்தை, அதாவது நீதிமன்றத்துக்குப் போகாமலே வங்கியின் பணிப்பாளர் சபை ஒரு தீர்மானம் எழுதி ஈட்டுக் காணியை ஏலத்தில் விற்கும் அதிகாரத்தை, அனுமதி பெற்ற வணிக வங்கிகள் எல்லாவற்றுக்கும் அது கொடுத்தது. பராட்டே என்ற சொல் ஒல்லாந்தரின் சட்டமொழியிலிருந்து வந்தது. அதே உரோம டச்சுச் சட்டத்தைப் பின்பற்றும் தென்னாபிரிக்காவில், அசையாச் சொத்தைக் கடன் கொடுத்தவர் தாமே விற்கலாம் என்ற ஒப்பந்த வாசகத்தை நீதிமன்றங்கள் ஏற்க மறுத்துவிட்டன என்பதை இங்கே நினைவூட்டுவது பொருந்தும். இந்தியாவும் 2002 இல் சர்பாசி என்று சுருக்கமாகச் சொல்லப்படும் சட்டத்தால் வங்கிகளுக்கு இத்தகைய அதிகாரம் கொடுத்தது; கடனாளி முறையிட வேண்டுமானால் கேட்கப்பட்ட தொகையில் முக்கால் பங்கை முதலில் கட்டவேண்டும் என்ற அதன் விதியை அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 2004 இல் தள்ளுபடி செய்தது.

வங்கிகளின் பக்கத்திலும் நியாயம் இல்லாமலில்லை. ஓர் ஈட்டு வழக்கு பத்து, பதினைந்து வருடம் இழுபட்டால், வைப்பிலிட்டவர்களின் பணத்துக்கு யார் பொறுப்பு என்று அவர்கள் கேட்டார்கள்; வேண்டுமென்றே வழக்கை இழுத்தடித்த பெரும் புள்ளிகள் இருந்ததும் உண்மை. எனினும் அந்தச் சட்டம் பிறந்த அதே வருடம் ஜூனில் யுத்தம் மறுபடி மூண்டு, ஆகஸ்டில் காத்தான்குடிப் பள்ளிவாசல்களிலும் ஏறாவூரிலும் தொழுதவர்களும் உறங்கியவர்களும் கொல்லப்பட்டு, எங்கள் கரையெங்கும் மரணபயம் கவிந்தது. வயலுக்குப் போனவர் திரும்பி வருவாரா என்று தெரியாத அந்த வருடங்களில் எத்தனையோ பேர் தங்கள் வயல்களையே கைவிட்டார்கள். பாதை மூடிக் கடைகள் அடைந்து கிடந்தன. வட்டிக்கு ஊரடங்குச் சட்டம் கிடையாது. அது இரவும் பகலும் ஏறிற்று.

பின்னர் 2004 டிசம்பர் 26. அந்தக் காலையில் இலங்கையிலேயே அதிகமான உயிர்களை இழந்தது அம்பாறை மாவட்டம். பத்தாயிரத்துக்கும் மேற்பட்டோர் மாண்டார்கள். மருதமுனையின் தறிகளும், கல்முனைக்குடிக் கடற்கரைத் தெருக்களும், சாய்ந்தமருதின் வீடுகளும் ஒரு மணி நேரத்தில் மண்ணாயின. கிழக்கில் கடலிலிருந்து 200 மீற்றருக்குள் மீண்டும் கட்டலாகாது என்று அரசாங்கம் முதலில் அறிவித்தபோது, ஈட்டிலிருந்த வீடு இல்லை, நிலத்தில் கட்டவும் முடியாது, கடன் மட்டும் வங்கிப் பேரேட்டில் பத்திரமாக இருந்தது என்ற நிலைமையில் குடும்பங்கள் நின்றன. மத்திய வங்கி சுசஹன என்ற சலுகைக் கடன் திட்டத்தைக் கொண்டுவந்து பலரைத் தூக்கிவிட்டது; அதை நன்றியோடு சொல்லவேண்டும். உம்மம்மாவின் தகரப் பெட்டி அன்றைக்குக் கடலோடு போயிற்று.

இத்தனைக்கும் பிறகு, 2006 இல், ஹட்டன் நெஷனல் வங்கி சம்பந்தப்பட்ட ஒரு வழக்கில் உயர் நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு எங்கள் பெண்களுக்காகவே எழுதப்பட்டது போல் இருந்தது. வழக்கு எங்கள் ஊரிலிருந்து போனதன்று. கேள்வி இதுதான்: கடன் வாங்கியவர் ஒருவர், அதற்காகத் தம் காணியை ஈடு வைத்தவர் இன்னொருவர் என்றால், அந்த இன்னொருவரின் காணியை வங்கி நீதிமன்றமின்றி ஏலம் விடலாமா? நீதிமன்றத்தை விலக்கி வைக்கும் அதிகாரம் அசாதாரணமானது, ஆகவே அதை வாசகத்துக்கு மேல் விரிக்கலாகாது, சட்டம் சொல்லும் கடனாளி என்பவர் கடன் வாங்கியவரே என்று பெரும்பான்மை நீதியரசர்கள் தீர்மானித்தார்கள். கணவன் கடன்பட்டு மனைவி ஈடுவைத்த வீடு என்றால் வங்கி வழக்கு வைத்து வரவேண்டும் என்பது இதன் பொருள். மறு ஆண்டே, கம்பனியின் கடனுக்கு அதன் பணிப்பாளரே தம் சொத்தை ஈடு வைத்தால் இந்தப் பாதுகாப்பு இல்லை என்று இன்னொரு தீர்ப்பு வந்தது. மனைவியின் பெயரைப் பணிப்பாளராகப் பதிந்து சிறு கம்பனி நடத்தும் குடும்பங்கள் எங்கள் கடைத்தெருக்களில் உண்டு. ஆதலால் இது சிறிய வேறுபாடன்று. 2011 இன் திருத்தம் முதல் ஐம்பது இலட்சம் ரூபாய்க்குக் குறைந்த கடன்களுக்குப் பராட்டே இல்லையென்று வைத்தது. 2022 ஏப்ரலில் நாடே தன் வெளிநாட்டுக் கடனைக் கட்ட முடியவில்லையென்று அறிவித்துத் தவணையும் தள்ளுபடியும் கேட்டு உலகத்தாரோடு பேச்சு நடத்தியதும், வட்டி வீதங்கள் வானளாவ ஏறிச் சிறு வியாபாரிகள் நிலைகுலைந்ததும் நாம் கண்கூடாகக் கண்டவை. 2024 இல் நாடாளுமன்றம் பராட்டே அதிகாரத்தை அவ்வாண்டு டிசம்பர் 15 வரை நிறுத்தி வைத்தது. பின்னர் அது 2025 மார்ச் 31 வரை நீண்டது. நாட்டுக்குக் கிடைத்த அவகாசம் நாட்டாருக்கும் கொஞ்சம் கிடைத்தது என்பதில் எனக்கு மனத்திருப்தியே.

இன்றும் கல்முனை மாவட்ட நீதிமன்றத்தின் வராந்தாவில் காத்திருப்போரில் கடன் வழக்குக்காரர்களைப் பார்க்கலாம். இவ்வழக்குகளிற் பல சாட்சி விசாரணைக்குப் போகாமல் சமாதானத்தில் முடிகின்றன. சிவில் நடவடிக்கைமுறைக் கோவையின் 408 ஆம் பிரிவின்படி, இரு பக்கத்தாரும் இசைந்த நிபந்தனைகள் நீதிமன்றத்தில் பதியப்பட்டு அதுவே தீர்ப்பாணையாகிவிடும். வட்டியில் இவ்வளவு தள்ளுபடி, மீதியை மாதாமாதம் இவ்வளவு வீதம் இத்தனை மாதத்தில் என்பது வரை எல்லாம் ஆறுதலாகவே இருக்கும். கடைசியில் ஒரு வாசகம் வரும்: எந்த ஒரு தவணை தவறினாலும் முழுத் தொகையும் உடனே செலுத்தத்தக்கதாகும், மேலதிக அறிவித்தலின்றி நிறைவேற்றல் எழுத்தாணை பெறலாம். பதினெட்டுத் தவணை கட்டிப் பத்தொன்பதாவதைப் பிள்ளையின் ஆஸ்பத்திரிச் செலவால் தவறவிட்ட ஒரு தாய்க்கு, தள்ளுபடி செய்த வட்டியும் திரும்ப உயிர்பெற்று வந்ததை நான் அறிவேன். சமாதானம் என்று சந்தோஷப்பட்டுக் கையொப்பம் இட்ட அன்று அந்த வாசகத்தை யாரும் அவருக்குத் தமிழில் வாசித்துக் காட்டவில்லை.

சூரத்துல் பகராவின் 282 ஆம் வசனம், குர்ஆனிலேயே மிக நீண்ட வசனம், கடனை எழுதிவைப்பதைப் பற்றியது. எழுத்தர் நேர்மையாக எழுதவேண்டும் என்பதோடு, வாசகத்தைச் சொல்லவேண்டியவர் கடன் பட்டவரே என்றும், அவரால் இயலாவிட்டால் அவருடைய பொறுப்பாளர் நீதியோடு சொல்லவேண்டும் என்றும் அது விதிக்கிறது. வங்கிக் கடன் பத்திரமோ இன்று கொடுப்பவரின் வாசகத்தில், ஆங்கிலத்தில், அச்சாகி வருகிறது. இஸ்லாமிய முறையில் கடன் கொடுக்க 2005 இன் வங்கிச் சட்டத் திருத்தம் இடம்கொடுத்து, அம்முறையிலான வங்கி எங்கள் ஊர்களுக்கு வந்த பின்னரும், முராபஹா, இஜாரா என்ற பெயர்கள் அரபியிலும் நிபந்தனைகள் ஆங்கிலத்திலுமே இருக்கின்றன. ஆகையால் இந்தக் கரையில் இதைப் படிக்கும் ஆண்களிடம் ஒரு வேண்டுகோள் வைக்கிறேன். உங்கள் மனைவியோ, உம்மாவோ, மாமியோ தம் சீதன வீட்டின் உறுதியை எடுத்துக்கொண்டு நொத்தாரிசின் மேசைக்கோ, நீதிமன்றத்தின் சமாதானப் பத்திரத்துக்கோ வருகிற அன்று, கடைசிப் பக்கம் வரை அதைத் தமிழில் அவருக்கு வாசித்துக் காட்டும்படி கேளுங்கள். தவணை தவறினால் என்ன நடக்கும் என்பதை அவர் தம் வாயால் திருப்பிச் சொன்ன பிறகு பேனாவைக் கொடுங்கள்.